கை மாறும் சாவு வழக்குகள்

2020 ஜூன் 19ஆம் தேதி இரவு சாத்தான்குளம் காவல் நிலையத்தில் பதிவான முதல் தகவல் அறிக்கை ஒரு கதை சொன்னது. ஊரடங்கு நேரம் கடந்தும் செல்போன் கடையைத் திறந்து வைத்திருந்ததைக் காவலர்கள் தட்டிக் கேட்டார்கள். கடையில் இருந்த தந்தையும் மகனும் அவர்களைத் திட்டினார்கள், தரையில் விழுந்து உருண்டார்கள், அதில் உள்காயம் ஏற்பட்டது என்பது அந்தக் கதை. 22ஆம் தேதி இரவு மகன் இறந்தார். மறுநாள் காலை தந்தை இறந்தார். பக்கத்துக் கடைகளின் கண்காணிப்பு கேமராப் பதிவுகள் பின்னர் வெளிவந்தபோது, அவற்றில் திட்டும் இல்லை, தரையில் உருளலும் இல்லை. ஆனால் காயத்துக்கான காரணம் அதற்குள் அரசு ஆவணமாகிவிட்டிருந்தது. சாவு வந்தது அதற்குப் பிறகுதான்.

சந்தேக மரணம் எங்கே நடந்தாலும் "உள்ளூர் போலீஸ் வேண்டாம், சி.பி.ஐ. வேண்டும்" என்ற குரல் எழுகிறது. குடும்பம் கேட்கிறது, எதிர்க்கட்சி கேட்கிறது, சில சமயம் ஆளுங்கட்சியே முந்திக்கொண்டு அறிவிக்கிறது. நீதிமன்றங்கள் மாற்றி உத்தரவிட்ட சில வழக்குகளைத் தொடர்ந்து பார்த்ததில் எனக்குத் தோன்றுவது வேறு. எந்த அமைப்பிடம் போகிறது என்பதைவிட எத்தனையாவது நாளில், எந்த நிலையில் போகிறது என்பதே அந்த வழக்கின் தலையெழுத்தைத் தீர்மானிக்கிறது. மனுக்களும் விவாதங்களும் முதல் கேள்வியிலேயே நின்றுவிடுகின்றன.

சந்தேக மரணத்தின் முதல் தாள் பெரும்பாலும் கொலை வழக்காக இருப்பதில்லை. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 174ஆம் பிரிவில்தான் அது பதிவாகும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய சட்டத்தில் அது 194ஆம் பிரிவு. நிலையப் பொறுப்பு அதிகாரி சடலம் இருக்கும் இடத்துக்குப் போக வேண்டும். அக்கம்பக்கத்து மதிப்புள்ளவர்கள் இருவரையாவது வைத்துக்கொண்டு காயங்களைக் குறித்து, சாவுக்கான காரணமாக வெளிப்படையாகத் தெரிவதை எழுத வேண்டும். பஞ்சாயத்தார் கையெழுத்திட்ட பிரேத விசாரணை அறிக்கை என்று கிராமங்களில் சொல்வது இதைத்தான். இதன் வரம்பு அவ்வளவே. யார் செய்தார், ஏன் செய்தார் என்று தேடுவதற்கான கடமை, குற்றம் என்று வழக்குப் பதிந்த பிறகுதான் தொடங்குகிறது. 174இல் போட்ட வழக்கு பிரிவு மாற்றம் பெறுமா, பெற்றால் எப்போது என்பது அந்த நிலைய அதிகாரியின் மனதில் இருக்கிறது. அதற்குள் அறை கழுவப்பட்டிருக்கலாம், கயிறு அவிழ்க்கப்பட்டிருக்கலாம், உடல் எரிக்கப்பட்டிருக்கலாம்.

நடிகர் சுஷாந்த் சிங் ராஜ்புத் 2020 ஜூன் 14 அன்று மும்பையில் இறந்தபோது நடந்தது இதற்கு நல்ல உதாரணம். மும்பை போலீஸ் 174இன் கீழ் வாரக்கணக்கில் பலரை அழைத்து விசாரித்தது. ஆனால் முதல் தகவல் அறிக்கை போடவில்லை. பாட்னாவில் அவருடைய தந்தை கொடுத்த புகாரில் பீகார் போலீஸ் போட்டது. எந்த மாநிலத்துக்கு அதிகாரம் என்ற சண்டையில், ஆகஸ்ட் 19 அன்று உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி ஹிருஷிகேஷ் ராய் சி.பி.ஐ. விசாரணைக்கு வழி விட்டார். மும்பையில் நடந்தது 174 விசாரணை மட்டுமே என்பதும் அந்தத் தீர்ப்பின் காரணங்களில் ஒன்று. தொலைக்காட்சிகள் மாதக்கணக்கில் போட்ட கூத்துக்குப் பிறகு, எய்ம்ஸ் மருத்துவக் குழு கொலைக்கான அறிகுறி இல்லை என்றது. 2025 மார்ச்சில் சி.பி.ஐ. வழக்கை முடித்துவைக்கும் அறிக்கையைத் தாக்கல் செய்தது.

நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரம் எங்கிருந்து வருகிறது? சி.பி.ஐ. இயங்குவது 1946ஆம் ஆண்டின் டெல்லி சிறப்புக் காவல் அமைப்புச் சட்டத்தின் கீழ். அதன் 6ஆம் பிரிவுப்படி மாநில அரசு சம்மதிக்காமல் அந்த மாநிலத்துக்குள் அது விசாரிக்க முடியாது. பொதுவாகக் கொடுத்திருந்த சம்மதத்தைத் தமிழ்நாடு 2023 ஜூனில் திரும்பப் பெற்றது. அரசைக் கட்டும் இந்தக் கயிறு உயர் நீதிமன்றத்தைக் கட்டாது என்று 2010 பிப்ரவரி 17 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு தீர்த்தது. மேற்கு வங்கத்தின் கார்பேட்டாவில் 2001இல் அரசியல் கட்சித் தொண்டர்கள் கொல்லப்பட்ட வழக்கு அது. அரசியல் சாசனத்தின் 226ஆம் பிரிவில் உயர் நீதிமன்றமும் 32ஆம் பிரிவில் உச்ச நீதிமன்றமும் மாநிலத்தின் சம்மதம் இல்லாமலே உத்தரவிடலாம். அதே தீர்ப்பு எச்சரிக்கவும் செய்தது. உள்ளூர் போலீஸ் மீது யாரோ புகார் சொல்கிறார்கள் என்பதற்காக வழக்கமாகக் கொடுக்கிற உத்தரவு இதுவல்ல. அபூர்வமாக, எச்சரிக்கையோடு, விதிவிலக்கான சூழலில் மட்டும் பயன்படுத்த வேண்டும் என்றது. மாஜிஸ்திரேட்டுகளுக்கு இந்த அதிகாரம் கிடையாது என்பது 2001லேயே முடிவான விஷயம்.

விதிவிலக்கு எது என்பதற்கு அளவுகோல் கிடையாது. மதுரா ரயில் நிலையத்தில் 2003 ஆகஸ்டில் ஒரு ராணுவ மேஜர் இறந்து கிடந்தார். விபத்து அல்லது தற்கொலை என்றது ரயில்வே போலீஸ். தற்கொலை என்றது ராணுவ விசாரணை. தன் படைப்பிரிவில் நடந்த ஊழலைச் சொன்னதால் மகனைக் கொன்றுவிட்டார்கள் என்று தந்தை சி.பி.ஐ. கேட்டு உச்ச நீதிமன்றம் வரை போனார். 2007 டிசம்பரில் அவருக்குக் கிடைத்த பதில், முதலில் மாஜிஸ்திரேட்டிடம் போங்கள் என்பது. விசாரணையைக் கண்காணிக்க மாஜிஸ்திரேட்டுக்கே போதுமான அதிகாரம் உண்டு. எல்லாரும் நேராக உயர் நீதிமன்றத்துக்கு வருவதை ஊக்குவிக்கக் கூடாது என்றது நீதிமன்றம். சட்டப்படி அது சரியாக இருக்கலாம். நாலு வருடம் கழித்து ஒரு தந்தையிடம் அதைச் சொன்னதுதான் நெருடுகிறது.

இனி சாத்தான்குளத்துக்கு வருவோம். அதிகம் பேசப்பட்ட வழக்குதான். ஆனால் அதில் நீதிமன்றம் செய்த காரியம் போதிய கவனம் பெறவில்லை. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் நீதிபதிகள் பி.என். பிரகாஷ், பி. புகழேந்தி அமர்வு ஜூன் 24 அன்றே தானாக வழக்கை எடுத்துக்கொண்டது. காவலில் நடக்கும் சாவை நீதித்துறை மாஜிஸ்திரேட்தான் விசாரிக்க வேண்டும் என்பது 2006 முதல் உள்ள சட்டம். அதன்படி கோவில்பட்டி மாஜிஸ்திரேட் ஜூன் 28 அன்று நிலையத்துக்குப் போனார். அவர் உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பிய அறிக்கை நாடு முழுக்கப் பேசப்பட்டது. ஆவணம் கேட்டால் கொடுக்கத் தாமதம். லத்திகளைக் கொடுங்கள் என்றால் தயக்கம். ஒரு காவலர் சுவரேறிக் குதித்து ஓடிவிட்டார். இன்னொருவர், உன்னால் ஒன்றும் செய்ய முடியாது என்ற அர்த்தத்தில், அச்சில் ஏற்ற முடியாத சொல்லை மாஜிஸ்திரேட்டின் காதில் விழும்படியே சொன்னார். கண்காணிப்பு கேமராவின் வன்தட்டு 1 டெராபைட் கொள்ளளவு கொண்டது. ஆனால் தினமும் தானாகவே அழியும்படி அமைத்திருந்தார்கள். 19ஆம் தேதிப் பதிவு இல்லை.

அன்று அந்த நிலையத்தில் சாட்சி சொன்னவர் ஒரு பெண் தலைமைக் காவலர். விடிய விடிய அடித்தார்கள், லத்தியிலும் மேஜையிலும் ரத்தக்கறை இருக்கிறது, அதை அழித்துவிடுவார்கள், சீக்கிரம் எடுத்துவிடுங்கள் என்றார். வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட நெடுநேரம் தயங்கினார். வெளியே மரத்தடியில் சக காவலர்கள் கூடி நின்று மிரட்டிக்கொண்டிருந்தார்கள்.

மறுநாளே நீதிபதிகள் போட்ட உத்தரவு இந்திய நீதிமன்ற வரலாற்றிலேயே அபூர்வமானது. காவல் நிலையத்தை வருவாய்த் துறையின் பொறுப்பில் கொண்டுவர ஆட்சியருக்குச் சொன்னார்கள். தாசில்தார் போய் உட்கார்ந்தார். தடயவியல் ஆட்கள் வரவழைக்கப்பட்டார்கள். அந்தப் பெண் காவலருக்குப் பாதுகாப்பு வந்தது. மாவட்டத்தின் கூடுதல் கண்காணிப்பாளர் உட்பட மூவர் மீது நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கை தொடங்கியது. அரசு வழக்கை சி.பி.ஐ.க்கு மாற்றுவதாக ஏற்கெனவே அறிவித்திருந்தது. இங்குதான் நீதிபதிகள் நுட்பமாக யோசித்தார்கள். சி.பி.ஐ. வந்து சேர நாளாகும், அதற்குள் தடயம் போய்விடும், ஆகவே அதுவரை மாநிலக் காவல்துறையின் சி.பி.சி.ஐ.டி. உடனே கையில் எடுக்கட்டும் என்று 30ஆம் தேதி உத்தரவிட்டார்கள். ஜூலை 1 அன்று வழக்கு கொலைப் பிரிவுக்கு மாறியது. அன்று இரவே முதல் உதவி ஆய்வாளர் கைதானார். சி.பி.ஐ. பொறுப்பேற்றபோது முக்கியமான கைதுகள் நடந்து முடிந்திருந்தன. செப்டம்பரில் ஒன்பது காவலர்கள் மீது குற்றப்பத்திரிகை தாக்கலானது. பிறகு மதுரை நீதிமன்றத்தில் விசாரணை ஆண்டுக்கணக்கில் இழுத்தது வேறு கதை. ஜூன் 28க்கும் ஜூலை 1க்கும் இடைப்பட்ட அந்த நாட்கள் இல்லாவிட்டால் எந்த டெல்லி அதிகாரியும் என்ன செய்திருக்க முடியும்?

இதே வேகத்துக்கு வடக்கே ஒரு சாட்சி உண்டு. இமாசலப் பிரதேசத்தின் கோட்காயில் 2017 ஜூலையில் பள்ளி மாணவி ஒருத்தி பாலியல் வன்கொடுமை செய்து கொல்லப்பட்டாள். மக்கள் கொதித்தார்கள். ஐ.ஜி. ஜாகூர் ஜைதி தலைமையிலான சிறப்புப் புலனாய்வுக் குழு ஆறு பேரைப் பிடித்து, வழக்கு முடிந்தது என்றது. ஜூலை 18 இரவு, அந்த ஆறு பேரில் ஒருவரான நேபாளக் கூலித் தொழிலாளி லாக்கப்பில் இறந்தார். கூட இருந்த இன்னொரு கைதிதான் அடித்துக் கொன்றார் என்று போலீஸ் வழக்குப் போட்டது. மறுநாளே இமாசல உயர் நீதிமன்றம் இரண்டு வழக்குகளையும் சேர்த்து சி.பி.ஐ.யிடம் ஒப்படைத்தது. ஆகஸ்டில் ஐ.ஜி.யே கைதானார். மாணவியைக் கொன்றது பிடிபட்ட ஆறு பேரில் எவருமல்ல. உறவினர்களின் மரபணுவோடு ஒப்பிட்டுப் பார்த்து 2018 ஏப்ரலில் ஒரு மரவெட்டியைப் பிடித்தார்கள். 2021இல் அவருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. 2025 ஜனவரியில் சண்டிகர் சி.பி.ஐ. நீதிமன்றம், லாக்கப் சாவுக்காக ஜைதி உட்பட எட்டு காவலர்களுக்கு ஆயுள் தண்டனை கொடுத்தது. வழக்கு கை மாறாமல் இருந்திருந்தால் ஒரு கொலை மூடப்பட்டிருக்கும். செய்யாத கொலைக்கு ஐந்து பேர் சிறையில் இருந்திருப்பார்கள். அந்த ஐவரில் ஒருவர் மேல் லாக்கப் கொலையும் சுமத்தப்பட்டிருக்கும்.

தாமதமாகக் கை மாறிய வழக்குகளைப் பார்த்தால் நிறம் மாறுகிறது. கோட்டயத்தில் 1992 மார்ச் 27 அதிகாலை ஒரு கன்னியர் மடத்தின் கிணற்றில் இளம் கன்னியாஸ்திரி பிணமாக மீட்கப்பட்டார். உள்ளூர் போலீஸும் குற்றப்பிரிவும் தற்கொலை என்று முடித்தன. ஓராண்டுக்குப் பிறகு 1993 மார்ச்சில் சி.பி.ஐ. வந்தது. அதற்குள் இறந்தவரின் உடைமைகள் அழிக்கப்பட்டிருந்தன. கொலையா தற்கொலையா என்று சொல்ல முடியவில்லை என்று 1996இல் சி.பி.ஐ. முடிவறிக்கை கொடுத்தது. கொலைதான், ஆனால் ஆதாரம் இல்லை என்று 1999இல் கொடுத்தது. 2005இல் மறுபடியும் கைவிட அனுமதி கேட்டது. ஒவ்வொரு முறையும் எர்ணாகுளத்தின் தலைமைக் குற்றவியல் நடுவர் ஏற்க மறுத்தார். 2008இல் கேரள உயர் நீதிமன்றம் வழக்கை சி.பி.ஐ.யின் கொச்சிப் பிரிவிடம் கொடுத்த பிறகு கைது நடந்தது. 2020 டிசம்பரில் ஒரு பாதிரியாருக்கும் ஒரு கன்னியாஸ்திரிக்கும் ஆயுள் தண்டனை. 2022இல் உயர் நீதிமன்றம் அந்தத் தண்டனையை நிறுத்திவைத்தது. ஒரே சி.பி.ஐ. மூன்று முறை கைவிட்டது, ஒரு முறை தண்டனை வாங்கித் தந்தது. அமைப்பின் பெயரில் மந்திரம் இல்லை என்பதற்கு வேறு சான்று தேவையில்லை. அந்த வழக்கை உயிரோடு வைத்திருந்தது, முடிவறிக்கைகளில் கையெழுத்துப் போட மறுத்த கீழமை நீதிமன்றம்தான்.

நம் ஊர் உதாரணம் ராமஜெயம் வழக்கு. தி.மு.க.வின் கே.என். நேருவின் தம்பியான அவர் 2012 மார்ச் 29 அதிகாலை திருச்சி தில்லைநகரில் நடைப்பயிற்சிக்குப் போனவர். திருவளர்ச்சோலை அருகே காவிரிக் கரையோரம் உடலாகக் கிடந்தார். உள்ளூர்த் தனிப்படைகள், பிறகு சி.பி.சி.ஐ.டி., 2017இல் உயர் நீதிமன்ற உத்தரவில் சி.பி.ஐ., 2022இல் மறுபடி உயர் நீதிமன்ற உத்தரவில் சிறப்புப் புலனாய்வுக் குழு. 2023இல் பன்னிரண்டு பேருக்கு உண்மை கண்டறியும் சோதனை. பதிமூன்று ஆண்டுகள் கடந்தும் கொன்றது யார் என்று எந்த அமைப்பும் சொல்லவில்லை. முதல் நாளில் இருந்தே போலீஸ் மும்முரமாகத் தேடிய வழக்கு என்பதால், தாமதம் ஒன்றே காரணம் என்று இங்கே சொல்லிவிட முடியாது. ஆனால் ஒவ்வொரு கை மாற்றத்திலும் புதிய அதிகாரி செய்தது பழைய கேஸ் டைரியை முதல் பக்கத்தில் இருந்து படிப்பது. சாட்சிகளின் ஞாபகம் அதற்குள் இன்னும் ஐந்து வருடம் மங்கியிருந்தது.

பழைய கேஸ் டைரி சும்மா வழித்துணையாக வருவதில்லை. சட்டத்தில் அதற்கு உயிர் உண்டு. 2012 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் ஒரு முக்கியமான பிரிவினையைச் செய்தது. மேல்விசாரணை என்பது ஒன்று. முதலில் இருந்து புதிதாக விசாரிப்பது இன்னொன்று. முன்னதை மாஜிஸ்திரேட்டே உத்தரவிடலாம். பின்னது உயர் நீதிமன்றத்தாலும் உச்ச நீதிமன்றத்தாலும் மட்டுமே ஆகும். பழைய விசாரணையை நீதிமன்றம் வெளிப்படையாக ரத்து செய்யாத வரை, பழைய அறிக்கையும் புதிய அறிக்கையும் சேர்ந்தே கோப்பில் இருக்கும். இரண்டையும் சேர்த்துத்தான் நீதிபதி படிக்க வேண்டும். "சி.பி.ஐ.க்கு மாற்றப்படுகிறது" என்று ஒற்றை வரியில் முடியும் உத்தரவு, தரையில் உருண்டார்கள் என்ற கதையையும் சேர்த்தே மாற்றிக் கொடுக்கிறது. குற்றம் சாட்டப்பட்டவரின் வக்கீல் குறுக்கு விசாரணையில் அதைத்தான் முதலில் பிரிப்பார்.

போலீஸ் சரியான முடிவுக்கே வந்திருந்தும் வழக்கு கை மாறுவது உண்டு. கொல்கத்தா ஆர்.ஜி. கர் மருத்துவமனையில் 2024 ஆகஸ்ட் 9 அன்று பயிற்சி மருத்துவர் சடலமாகக் கிடந்தார். போலீஸ் மறுநாளே ஒருவரைக் கைது செய்தது. ஆனால் முதலில் பதிவானது இயற்கைக்கு மாறான மரணம் என்றுதான். பிரேதப் பரிசோதனை மாலையிலேயே முடிந்திருக்க, முதல் தகவல் அறிக்கை வந்தது இரவு 11.45 மணிக்கு. உச்ச நீதிமன்றம் பிறகு இதைக் குடைந்து கேட்டது. 13ஆம் தேதி, சென்னையில் இருந்து போன தலைமை நீதிபதி டி.எஸ். சிவஞானம் தலைமையிலான அமர்வு வழக்கை சி.பி.ஐ.க்குக் கொடுத்தது. ஐந்தாம் நாள் நாங்கள் போனபோது சம்பவ இடம் மாறியிருந்தது என்று சி.பி.ஐ. தரப்பில் உச்ச நீதிமன்றத்தில் சொன்னார்கள். கடைசியில் சி.பி.ஐ. கொலைக்காகக் குற்றப்பத்திரிகை போட்டது, கொல்கத்தா போலீஸ் பிடித்த அதே ஆள் ஒருவர் மேல். 2025 ஜனவரியில் சியால்தா நீதிமன்றம் அவருக்கு ஆயுள் தண்டனை கொடுத்தது. பெற்றோர் நிறைவடையவில்லை. முதல் இருபத்து நான்கு மணி நேரத்தில் போன நம்பிக்கை, ஐந்தாம் நாள் வந்த அமைப்பால் திரும்பவில்லை. திருச்செங்கோடு பெண் டி.எஸ்.பி. 2015 செப்டம்பரில் இறந்த வழக்கிலும் இப்படித்தான். சி.பி.சி.ஐ.டி.யிடம் இருந்து உயர் நீதிமன்றம் அதை சி.பி.ஐ.க்கு மாற்றியது. தற்கொலை என்ற முடிவோடு சி.பி.ஐ. கோப்பை மூடியது.

மாற்றமே கூடாது என்று நான் சொல்லவில்லை. புகாருக்கு ஆளானவர்களே போலீஸாக இருக்கும்போது அதே மாவட்டப் போலீஸ் விசாரிப்பது கேலிக்கூத்து. ஆனால் மாற்று உத்தரவில் யாரிடம் என்ற வரிக்கு முன்னால் எழுத வேண்டிய வரிகள் சில உண்டு. உடல் எங்கே, யார் பொறுப்பில்? எந்த கேமராப் பதிவு, யார் எடுத்து முத்திரையிடுவது? எந்தச் சாட்சிக்கு இன்று இரவு பாதுகாப்பு தேவை? பழைய விசாரணை நிற்கிறதா, ரத்தாகிறதா? இவற்றில் முதலாவதற்கு மதுரைக் கிளையே வழி காட்டியிருக்கிறது. நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன் 2020 டிசம்பரில் கொடுத்த உத்தரவு அது. காவல் சாவில் பிரேதப் பரிசோதனைக்கு முன்னும் பின்னும் குடும்பத்தார் உடலைப் பார்க்கலாம், படம் எடுக்கலாம். தடயவியல் மருத்துவத்தில் முதுகலை படித்த இரண்டு மருத்துவர்களாவது பரிசோதனை செய்ய வேண்டும். முழுவதையும் வீடியோ எடுக்க வேண்டும். குடும்பம் நீதிமன்றம் போக நினைத்தால் உடலை 48 மணி நேரமாவது பிணவறையில் வைத்திருக்க வேண்டும். அவசர அவசரமாக எரித்துவிட்டு பிறகு மறு பிரேதப் பரிசோதனைக்கு மனுப் போடும் அவலத்துக்கு இதைவிட எளிய மருந்து இல்லை.

2025 ஜூன் 28 அன்று சிவகங்கை மாவட்டம் மடப்புரத்தில் கோயில் காவலாளி ஒருவர் தனிப்படையின் பிடியில் இறந்தபோது இந்தப் பாடங்களில் சில கைகொடுத்தன. நகைத் திருட்டுப் புகாருக்கு வழக்கே பதியாமல் தனிப்படை எப்படி விசாரித்தது என்று நீதிபதிகள் எஸ்.எம். சுப்பிரமணியம், ஏ.டி. மரியா கிளீட் அமர்வு கேட்டது. உடலில் 44 காயங்கள் இருந்ததைச் சுட்டியது. ஜூலை 1 அன்று மதுரை மாவட்ட நீதிபதி ஒருவரை விசாரிக்கச் சொல்லி, ஒரு வாரத்தில் அறிக்கை கேட்டது. அன்றே அரசும் வழக்கை சி.பி.ஐ.க்கு மாற்றியது. ஒரு வாரத்துக்குள் புலனாய்வு அதிகாரியை நியமிக்க வேண்டும், ஆகஸ்ட் 20க்குள் அறிக்கை வேண்டும் என்று நீதிமன்றம் தேதி குறித்தது. சி.பி.ஐ. வருவதற்கு முன்பே ஒரு நீதிபதியின் கையால் சாட்சியங்கள் பதிவாகியிருந்தன. அதில் முக்கியமான ஒன்று, கோயில் ஊழியர் ஒருவர் கழிப்பறை ஜன்னல் வழியாகச் செல்போனில் எடுத்த காட்சி. அரசு வைத்த எந்தக் கேமராவிலும் பதிவானதல்ல அது.

அரசு கேமராக்களைப் பற்றிய சட்டம் தெளிவாகத்தான் இருக்கிறது. ஒவ்வொரு காவல் நிலையத்திலும் கேமரா வேண்டும், பதிவுகளைப் பதினெட்டு மாதம் வைத்திருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020 டிசம்பர் 2 அன்று தீர்த்தது. சாத்தான்குளத்தின் தானாக அழியும் வன்தட்டு செய்தியாகி ஆறு மாதம்கூட ஆகியிருக்கவில்லை. 2025 செப்டம்பரில், ராஜஸ்தானில் எட்டு மாதத்தில் பதினோரு பேர் காவலில் இறந்ததாக வந்த பத்திரிகைச் செய்தியைப் பார்த்து, காவல் நிலையங்களில் கேமராக்கள் வேலை செய்யாதது பற்றி அதே உச்ச நீதிமன்றம் தானாகவே மறுபடியும் ஒரு வழக்கை எடுக்க வேண்டியிருந்தது.